பெட்டிக்குள் இருக்கும் பழைய கட்டளை
(ஆரல்வாய்மொழிக் கூட்டத்தில் செய்த பிரசங்கம்)



இன்று இக்கூட்டத்தில் நம்மைப் பேசும்படி கேட்டுக்கொண்ட விஷயம், நமது வீடுகளில் இருக்கும் வைஃபை ரூட்டரைப் பற்றியும், அதன் உள்ளே இருக்கும் ஃபர்ம்வேர் என்பதைப் புதுப்பிப்பதைப் பற்றியுமாகும். இதைக் கேட்டவுடன், "இது பொதுக்கூட்டத்தில் பேசவேண்டிய சங்கதியா? ரிப்பேர்காரர் பார்த்துக்கொள்ள வேண்டிய காரியமல்லவா?" என்று உங்களில் சிலருக்குத் தோன்றலாம். அப்படித் தோன்றுகிறதே, அதுதான் இதைப் பொதுக்கூட்டத்தில் பேசவேண்டியதற்கு முதல் காரணம் என்று சொல்லுவோம். "இந்தக் காரியம் நமக்கு விளங்காது; விளங்கினவர் சிலர் இருக்கிறார்கள்; அவர்கள் சொன்னபடி இருந்துவிட்டால் போதும்" என்று ஒருவன் எப்போது முடிவு செய்துகொள்ளுகிறானோ, அப்போதே அந்தக் காரியத்தில் அவன் பிறருக்கு அடிமையாகி விடுகிறான். அவன் பணம் கொடுத்து வாங்கிய பொருளாயிருந்தாலும், அதன் எஜமானன் அவன் அல்ல.

இந்த ரூட்டர் என்னும் பெட்டி இன்று எந்த நிலைமையில் இருக்கிறது என்று பாருங்கள். பத்திருபது வருஷங்களுக்கு முன் இது எல்லா வீடுகளிலும் இருந்ததில்லை. இன்று செங்கல் சூளையில் வேலை செய்கிறவர் வீட்டிலும், தோவாளையில் பூக்கட்டுகிறவர் வீட்டிலும் இருக்கிறது. பிள்ளையின் படிப்பு இதன் வழியாக வருகிறது. வெளியூரிலும் வெளிதேசத்திலும் இருக்கும் மகன் அனுப்பும் பணத்தின் விவரம் இதன் வழியாக வருகிறது. பாங்கிக் கணக்கு, கியாஸ் பதிவு, மின்சார பில் எல்லாம் இதன் வழியாகவே போய் வருகின்றன. வீட்டின் முன்வாசலைக் காட்டிலும் இந்தப் பெட்டியின் வழியாகப் போகிற வருகிற சரக்கு அதிகம். ஆனால் முன்வாசலுக்குப் பூட்டு எது, சாவி எது என்று தெரிந்து வைத்திருக்கிற நாம், இந்த வாசலுக்குப் பூட்டு உண்டா என்று கேட்டதுண்டா? மாட்டிவிட்டுப் போன ஆள் எந்த நிலையில் விட்டுப் போனாரோ அந்த நிலையிலேயே தூசி படிந்து சுவரில் தொங்குகிறது.

தோழர்களே! இப்பெட்டிக்குள் தெய்வீகம் ஒன்றும் இல்லை. மர்மமும் ஒன்றும் இல்லை. அதற்குள் ஒரு சிறு கம்ப்யூட்டர் இருக்கிறது. அதற்குச் சுயபுத்தி கிடையாது. எந்தச் செய்தியை உள்ளே விடுவது, எதைத் தடுப்பது, கடவுச்சொல் கேட்பது எப்படி, ஒரே சமயத்தில் நாலு போன்கள் பேசினால் எதற்கு முதலில் இடம் கொடுப்பது என்பவற்றையெல்லாம் யாரோ சில மனிதர்கள் உட்கார்ந்து, வரிவரியாக எழுதிப் பெட்டியின் நினைவுச் சில்லில் பதித்து அனுப்பியிருக்கிறார்கள். அந்தக் கட்டளைத் தொகுதிக்குத்தான் ஃபர்ம்வேர் என்று பெயர். பெட்டி அதைப் பிசகாமல் செய்யும். கட்டளையில் தப்பு இருந்தால் தப்பையும் பிசகாமல் செய்யும்.

மனிதன் எழுதியதில் தப்பு இருக்குமா என்றால், கட்டாயம் இருக்கும். 2004ஆம் வருஷம் முதல் உலகமெங்கும் வைஃபைக்குப் பாதுகாப்பு என்று நம்பப்பட்டு வந்த டபிள்யூ.பி.ஏ. 2 என்ற முறையில் ஒரு பெரிய ஓட்டை இருக்கிறது என்று பெல்ஜியம் தேசத்து ஆராய்ச்சியாளர் மேத்தி வான்ஹோஃப் என்பவர் 2017 அக்டோபரில் எடுத்துக் காட்டினார். 13 வருஷ காலம் பெரிய பெரிய நிபுணர்களெல்லாம் சரியென்று ஒப்புக்கொண்டிருந்த முறை அது. ஆனால் அங்கே நடந்தது என்ன? "இத்தனை காலமாய் இருந்து வருகிறது, பெரியவர்கள் ஏற்றுக்கொண்டது, இதில் கைவைக்கலாமா?" என்று யாரும் சொல்லவில்லை. தப்பு என்று ருசுவானதும் கம்பெனிகள் திருத்தம் எழுதி வெளியிட்டன. தப்பு இருப்பது வெட்கமல்ல. தப்பென்று தெரிந்த பிறகும் திருத்தத்தை ஏற்காமல் இருப்பதுதான் வெட்கம். அந்தத் திருத்தத்தை வாங்கிப் பெட்டியில் ஏற்றிக்கொள்ளுவதற்குத்தான் ஃபர்ம்வேர் புதுப்பித்தல் என்று பெயர். திருத்தம் வெளியாகிவிட்டது என்பதற்காக நம் வீட்டுப் பெட்டி தானாகத் திருந்திவிடாது. சில பெட்டிகள் தாமாகவே திருத்தத்தை வாங்கிக்கொள்ளும். பல பெட்டிகளில் வீட்டுக்காரர் ஒரு வார்த்தை சொல்லவேண்டும்.

புதுப்பிக்காவிட்டால் என்ன முழுகிப் போய்விடும் என்று கேட்கலாம். இதற்குப் பதிலை இந்த ஊர் மண்ணிலேயே காட்டலாம். இந்தக் கணவாயை அடைத்து, மலைக்கு மலை கோட்டைச் சுவர் கட்டி, பீரங்கிகளை வைத்துத் திருவிதாங்கூர் ராஜ்யம் காவல் செய்தது உங்களுக்குத் தெரியும். 1809ஆம் வருஷம் பிப்ரவரி மாதம் 10ந் தேதி வேலுத்தம்பி தளவாயின் படைக்கு எதிராக வந்த கர்னல் செயின்ட் லெஜரின் வெள்ளைக்காரப் பட்டாளம் இந்தக் கோட்டையைப் பிடித்தது. எப்படிப் பிடித்தது? பீரங்கி இருந்த வாசலில் முட்டிக்கொண்டா? இல்லை. இருட்டு வேளையில் ஒரு பகுதிப் படை தெற்குப் பக்கத்து மலைமேல் ஏறி, யாரும் எதிர்பாராத இடத்தில் உள்ளே இறங்கிற்று. பலமான வாசல் ஒன்று இருக்கிறது என்ற நம்பிக்கையே காவலைக் கெடுத்தது. ரூட்டரிலும் சங்கதி இதுதான். நீளமான வைஃபை கடவுச்சொல் வைத்திருக்கிறோம் என்று நாம் வாசலைப் பார்த்துக்கொண்டு இருக்கிறோம். திருடனோ பழைய ஃபர்ம்வேரில் இருக்கும் ஓட்டையாகிய மலைப்பக்கத்து வழியாக வருகிறான்.

இது கற்பனை அல்ல. 2012ல் வெளியான ஒரு விவரத்தைக் கேளுங்கள். பிரேசில் தேசத்தில் சுமார் 45 லட்சம் மோடம்களைத் திருடர்கள் கைப்பற்றி விட்டார்கள். அவற்றின் ஃபர்ம்வேரில் இருந்த ஒரு தப்பே காரணம். அவர்கள் பெட்டியை உடைக்கவில்லை, நிறுத்தவுமில்லை. விலாசம் சொல்லும் வேலையை மாத்திரம் மாற்றி வைத்தார்கள். வீட்டுக்காரர் தமது பாங்கியின் பெயரைச் சரியாகத்தான் எழுதுவார். பெட்டி அவரைத் திருடன் கட்டிய போலிப் பாங்கிக்குக் கொண்டுபோய் விடும். ஊருக்குப் புதிதாக வந்தவர், "பாங்கி எங்கே?" என்று வழி கேட்க, கேட்கப்பட்டவனே திருடனுக்குக் கூட்டாளியாயிருந்தால் எப்படியோ அப்படி.

நமது தேசத்திலும் நடந்திருக்கிறது. 2017 ஜூலையில் பி.எஸ்.என்.எல். வாடிக்கைக்காரர்களின் மோடம்கள் சுமார் 60,000 ஒரு கெடுதல் நிரலால் தாக்குண்டு வேலையற்றுப் போயின என்று பத்திரிகைகளில் வந்தது. காரணம் என்ன? கம்பெனியிலிருந்து வரும்போது வைத்திருந்த "அட்மின்" என்ற பெயரையும் "அட்மின்" என்ற கடவுச்சொல்லையும் யாரும் மாற்றாமலே வைத்திருந்ததுதான். ஊரிலுள்ள எல்லா வீட்டுக்கும் ஒரே சாவி. அந்தச் சாவியின் அச்சு சந்தையில் கிடைக்கிறது. அப்படியிருக்கத் திருட்டுப் போனதற்குத் தலைவிதியை நொந்துகொண்டு என்ன பிரயோசனம்?

2018ல் நடந்தது இன்னும் யோசிக்கத்தக்கது. மைக்ரோடிக் என்னும் கம்பெனியின் ரூட்டர்களில் ஓர் ஓட்டை தெரியவந்தது. கம்பெனி அவ்வருஷம் ஏப்ரலிலேயே திருத்தம் வெளியிட்டுவிட்டது. அதற்குப் பிறகு மாதக்கணக்கில் கழித்துத்தான், திருத்தம் ஏற்றப்படாத பெட்டிகளாகப் பார்த்து, பிரேசிலிலும் பிறகு இந்தியாவிலும் ஆயிரக்கணக்கில் கைப்பற்றினார்கள். அப்பெட்டிகளின் வழியாகப் போன ஜனங்களின் கம்ப்யூட்டர்களை, அவர்கள் அறியாமலே, திருடனுக்கு மின்காசு தோண்டும் கூலியாளாக ஆக்கினார்கள். கரண்ட் செலவு நம்முடையது, லாபம் அவனுடையது. மருந்து கையில் இருக்க நோயில் விழுந்த கதையல்லவா இது?

இன்னொன்று. "என் பெட்டி கெட்டால் கெடட்டும், அதில் ஊருக்கு என்ன?" என்று சிலர் சொல்லுவதுண்டு. 2016ல் மிராய் என்ற கெடுதல் நிரல், கம்பெனி வைத்த சுமார் 60 பெயர்-கடவுச்சொல் ஜோடிகளை வரிசையாகப் போட்டுப் பார்த்தே லட்சக்கணக்கான காமிராக்களையும் ரூட்டர்களையும் பிடித்தது. அவ்வருஷம் அக்டோபர் 21ந் தேதி அத்தகைய பெட்டிகளெல்லாம் ஒன்றுசேர்ந்து ஒரு அமெரிக்கக் கம்பெனியின் மேல் ஏவப்பட்டதால், ட்விட்டர் முதலான பெரிய பெரிய இணையதளங்கள் மணிக்கணக்கில் எட்டாமல் போயின. அந்த நிரலை எழுதியவர்களென்று பிறகு கோர்ட்டில் ஒப்புக்கொண்டவர்கள் மூன்று வாலிபர்கள். ஆயுதம் யாருடையது? ஒரு பாவமும் அறியாத வீட்டுக்காரர்களுடையது. ஆகவே நம் பெட்டியைத் திருத்தி வைத்திருப்பது நம் சொத்துக்காக மாத்திரமல்ல. அண்டை வீட்டான்மேல் நம் வீட்டிலிருந்து கல் விழாமல் பார்த்துக்கொள்ளும் பொதுக் கடமையுமாகும்.

இவ்வளவும் சொன்னால், "அண்ணாச்சி, இப்பம் நல்லாத்தானே ஓடுது, அதைப் போட்டு எதுக்கு நோண்டணும்?" என்று ஒரு கேள்வி வரும். கேள்வி நியாயமற்றதல்ல. அஜாக்கிரதையாகக் கைவைத்தால் பெட்டி செத்துப்போவது உண்டு. அப்படிச் செத்த பெட்டியைத் தொழிலாளர்கள் "செங்கல் ஆகிவிட்டது" என்று சொல்லுவார்கள். சூளைச் செங்கலாவது சுவருக்கு உதவும். இந்தச் செங்கல் அதற்கும் உதவாது. ஆனால் சோறு வேகும்போது கை சுடும் என்பதற்காக யாரும் அடுப்பு மூட்டாமல் இருப்பதில்லை. சுடாமல் இறக்கும் விதத்தைக் கற்றுக்கொள்ளுகிறோம். அந்த விதத்தைச் சொல்லுகிறோம், கவனியுங்கள்.

முதலாவது, பெட்டியைத் திருப்பிப் பாருங்கள். அடியில் ஒட்டியுள்ள சீட்டில் கம்பெனி பெயர், மாடல் எண், அதன் பக்கத்தில் வெர்ஷன் எண், உள்ளே போகும் விலாசம் ஆகியவை இருக்கும். விலாசம் பெரும்பாலும் 192.168.1.1 அல்லது 192.168.0.1 என்று இருக்கும். அதை போனிலோ கம்ப்யூட்டரிலோ பிரௌசரில் எழுதினால் பெட்டியின் சொந்தப் பக்கம் திறக்கும். இரண்டாவது, அங்கே கம்பெனி வைத்த கடவுச்சொல்லை மாற்றுங்கள். வைஃபை கடவுச்சொல் வேறு, இது வேறு என்பதை மறவாதீர்கள். மூன்றாவது, தற்போதைய அமைப்புகளை ஒரு நகல் எடுத்து வையுங்கள். நான்காவது, ஃபர்ம்வேர் அப்டேட் என்ற இடத்தில் புதியது இருக்கிறதா என்று பாருங்கள். பெட்டி தானாகத் தேடாவிட்டால் கம்பெனியின் சொந்த இணையதளத்தில் மாத்திரம் தேடுங்கள். மாடல் எண்ணும் வெர்ஷன் எண்ணும் ஓரெழுத்துப் பிசகாமல் ஒத்திருக்க வேண்டும். வெர்ஷன் 2க்கு எழுதியதை வெர்ஷன் 3ல் ஏற்றினால் செங்கல்தான் மிஞ்சும். வாட்சாப்பில் யாரோ அனுப்பியதையும், "உங்கள் ரூட்டர் பழசாகிவிட்டது, இங்கே தொடுங்கள்" என்று திடீரென்று முளைக்கும் விளம்பரத்தையும், போனில் கூப்பிட்டு அதிகாரி மாதிரிப் பேசுகிறவனையும் நம்பாதீர்கள்.

ஐந்தாவது, ஏற்றும்போது வைஃபையை நம்பாமல் கேபிள் வயரால் கம்ப்யூட்டரைப் பெட்டியோடு இணைத்துக்கொண்டால் நல்லது. ஏற்றி முடியும் சில நிமிஷங்கள் வரை கரண்டை நிறுத்தக் கூடாது. பாதி எழுதிய நிலையில் கரண்ட் போனால்தான் பெரும்பாலான பெட்டிகள் சாகின்றன. இது நமது ஊருக்கு விசேஷமாகச் சொல்லவேண்டியது. இந்தக் கணவாயில் அடிக்கும் காற்றை நம்பித்தான் முப்பந்தலில் இத்தனை காற்றாலைகளை நட்டிருக்கிறார்கள். அந்தக் காற்றே ஆனி ஆடியில் கிளையை முறித்து லைனில் போட்டால் கரண்ட் போகும். ஆகையால் காற்று அடங்கிய நேரமாகப் பார்த்தோ, யு.பி.எஸ். இணைத்தோ செய்யுங்கள். இதற்கு நல்ல நேரம் என்பது பஞ்சாங்கத்தில் பார்ப்பதல்ல. ஜன்னல் வழியாகப் பார்ப்பது.

ஆறாவது, முடிந்த பிறகு தேவையற்ற கதவுகளை மூடுங்கள். வெளியிலிருந்து பெட்டியை நிர்வகிக்கும் வசதி வேண்டாமானால் நிறுத்திவிடுங்கள். டபிள்யூ.பி.எஸ். என்ற எட்டு இலக்க எண் முறையையும் நிறுத்துங்கள். எட்டு இலக்கம் என்றால் கோடிக்கணக்கான எண்களை முயல வேண்டியிருக்கும் என்று நினைப்போம். ஆனால் பெட்டி அதை முதல் நாலு, கடைசி நாலு என்று இரண்டாக உடைத்துத் தனித்தனியே சரி பார்க்கிறது. கடைசி இலக்கம் மற்றவற்றிலிருந்து கணக்கிட்டு வருவது. ஆகவே முதல் பாதிக்கு 10,000, இரண்டாம் பாதிக்கு 1,000, ஆக 11,000 முறை முயன்றால் போதும் என்று 2011ல் ருசுப்படுத்தினார்கள். எட்டுப் பூட்டு என்ற பெயரில் எவ்வளவு பெரிய ஏமாற்றம் பாருங்கள். கணக்குப் போட்டுப் பார்க்காதவரை பெரிதாகத் தெரிவது, போட்டுப் பார்த்தால் சிறுத்துப் போகிறது.

இது நிற்க, ஃபர்ம்வேரைப் புதுப்பித்தால் வேகம் பறக்கும் என்று சிலர் விளம்பரம் செய்கிறார்கள். அதையும் அப்படியே நம்ப வேண்டாம். கம்பெனிக்காரர் எத்தனை வேகத்துக்குப் பணம் வாங்கினாரோ அதற்கு மேல் எந்தப் பெட்டியும் கொண்டுவந்து கொட்டாது. சில தடங்கல்கள் நீங்கலாம், அவ்வளவே. வீட்டுக்குள் வேகம் குறைவதற்குப் பெரும்பாலும் வேறு காரணங்கள். பெட்டியை இரும்பு அலமாரிக்குள்ளோ, தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்திலோ, வீட்டின் ஒரு மூலையிலோ வைத்துவிட்டு, கருங்கல் சுவருக்கு அப்பால் சிக்னல் இல்லையே என்று குறைப்படுவதில் அர்த்தமில்லை. நடுவீட்டில், சற்று உயரத்தில், மறைவில்லாமல் வையுங்கள். 2.4 கிகாஹெர்ட்ஸ் என்பது தூரம் போகும், வேகம் குறைவு. 5 கிகாஹெர்ட்ஸ் என்பது வேகம் அதிகம், சுவருக்குப் பயப்படும். எந்த அறைக்கு எது என்று பார்த்துப் பிரித்துக்கொள்ளுங்கள். 2.4ல் ஒன்றோடொன்று மோதாத சானல்கள் 1, 6, 11 ஆகிய மூன்றே. பக்கத்து வீட்டார் எல்லாம் 6ல் இருந்தால் நீங்கள் 1க்கோ 11க்கோ போங்கள். காசில்லாமல் கிடைக்கும் வேகம் இது.

இனி, கம்பெனிக்காரரே கொடுத்த பெட்டியானால் பல இடங்களில் ஃபர்ம்வேரை நாம் தொட முடியாது, அவர்கள்தான் ஏற்றவேண்டும். அப்போது கேட்க வேண்டியது நமது உரிமை. "எங்கள் பெட்டியில் இருப்பது எந்தத் தேதி ஃபர்ம்வேர்? இன்னும் எத்தனை வருஷம் திருத்தம் கொடுப்பீர்கள்?" என்று எழுத்து மூலமாகக் கேளுங்கள். புதிதாக வாங்கும்போது கடைக்காரரிடமும் விலையைக் கேட்கும் முன் இதைக் கேளுங்கள். இங்கிலாந்தில் 2024 ஏப்ரல் 29ந் தேதி முதல், எல்லாப் பெட்டிக்கும் "அட்மின்" போன்ற ஒரே கடவுச்சொல் வைத்து விற்கக் கூடாது என்றும், எவ்வளவு காலம் திருத்தம் கொடுக்கப்படும் என்று சொல்லித்தான் விற்கவேண்டும் என்றும் சட்டம் அமுலில் இருக்கிறது. அந்தத் தேசத்து வீட்டுக்காரருக்கு ஆகிற காப்பு நமக்கு ஆகாதா? கேட்கிறவர் இல்லாத இடத்தில் கொடுக்கிறவர் எங்கிருந்து வருவார்?

கம்பெனி கைவிட்ட பழைய பெட்டிக்கும் ஒரு வழி இருக்கிறது. அது வந்த விதம் நாம் அறியத்தக்கது. 2002 முடிவில் லிங்க்சிஸ் கம்பெனி டபிள்யூ.ஆர்.டி. 54ஜி என்ற ரூட்டரை விற்பனைக்கு விட்டது. அதற்குள் இருந்தது லினக்ஸ் என்று சிலர் ஆராய்ந்து கண்டுபிடித்தார்கள். லினக்ஸ் என்பது பலபேர் கூடி எழுதி, யாரும் படிக்கலாம், யாரும் திருத்தலாம், திருத்தியதை மற்றவர்க்கும் கொடுக்கவேண்டும் என்ற நிபந்தனையோடு பொதுவில் வைத்த கட்டளைத் தொகுதி. பொதுச்சொத்தை எடுத்துப் பெட்டிக்குள் பூட்டி வைத்தது நியாயமா என்று கேள்வி எழுந்தது. கேள்வி எழுந்ததால் 2003ல் கம்பெனி தன் ஃபர்ம்வேரின் மூல எழுத்தை வெளியிட வேண்டியதாயிற்று. அதிலிருந்து 2004ல் ஓபன்டபிள்யூ.ஆர்.டி. என்ற இலவச ஃபர்ம்வேர் வேலை பிறந்தது. இன்று அது பற்பல கம்பெனிகளின் பெட்டிகளில் ஓடுகிறது. முதலாளி கைவிட்ட எத்தனையோ பெட்டிகளுக்கு அதுவே திருத்தம் கொடுத்து வருகிறது. உங்கள் மாடல் அதன் பட்டியலில் இருக்கிறதா என்று பார்த்து, இருந்தால், பழகினவர் ஒருவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஏற்றலாம். பட்டியலிலும் இல்லை, கம்பெனியும் திருத்தம் தருவதில்லை என்றால், அந்தப் பெட்டியைக் கழற்றிவிட்டு வேறு வாங்குவதே சிக்கனம்.

இதில் நாம் காணவேண்டியது என்ன? ஒரு சிலர் மாத்திரம் படிக்கலாம், மற்றவர் படித்தால் குற்றம் என்று மறைத்து வைத்த எழுத்து, "ஏன் மறைக்கிறாய்?" என்று கேட்டவுடன் வெளியே வந்தது. வெளியே வந்த பிறகு உலகம் இடிந்து விழவில்லை. தப்புகள் சீக்கிரம் தெரிந்தன, சீக்கிரம் திருந்தின. அறிவை மூடி வைப்பதால் பாதுகாப்பு வரும் என்பது மூடி வைப்பவர் லாபத்துக்காகச் சொல்லும் வார்த்தை.

தாய்மார்களே! இந்த வேலையை வீட்டிலுள்ள ஆண்பிள்ளை வரட்டும் என்று விட்டுவைக்காதீர்கள். பகலெல்லாம் அந்தப் பெட்டி இருக்கும் வீட்டில் இருப்பவர் பெரும்பாலும் நீங்கள். பெட்டியின் அடியிலிருக்கும் சீட்டைப் படிக்க மீசை தேவையில்லை. பள்ளியில் படிக்கும் மகளைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஒரு நாள் செய்து பாருங்கள். அடுத்த தடவை அவளே தெருவிலுள்ள வீடுகளுக்கெல்லாம் சொல்லிக் கொடுப்பாள். மாதம் ஒரு நாள், கரண்ட் பில் பார்ப்பது போல, புதிய திருத்தம் வந்திருக்கிறதா என்று பார்த்துவிடுவது போதும். அதற்குக் கால்மணி நேரம் ஆகாது.

கடைசியாக ஒன்று சொல்லி முடிக்கிறோம். நாம் சொன்னோம் என்பதற்காக இதில் எதையும் ஏற்றுக்கொள்ள வேண்டியதில்லை. வீட்டுக்குப் போனதும் பெட்டியைத் திருப்பிப் பாருங்கள். கம்பெனி பக்கத்தில் தேதியைப் பாருங்கள். 11,000 கணக்கை நீங்களே போட்டுப் பாருங்கள். சரியென்று பட்டால் செய்யுங்கள். செய்து கண்டதை அண்டை வீட்டாருக்கும் சொல்லுங்கள். பழைய கட்டளை பழையது என்பதற்காகவே அதைக் காப்பாற்றி வைத்திருக்க வேண்டாம் என்பதே நமது விண்ணப்பம்.